சாப்பா மலை ஊர்களில் நான்கு நாள்: வழிகாட்டியோடு நடக்கப் போகிறவர்களுக்கு ஒரு முழுக் கையேடு

சாப்பாவில் பஸ்ஸை விட்டு இறங்கியதும் நான்கைந்து பெண்கள் வந்து சூழ்ந்துகொள்வார்கள். கருநீலச் சட்டை, முழங்காலுக்குக் கீழே துணிப்பட்டை சுற்றிய கால்கள், முதுகில் மூங்கில் கூடை. "எந்த ஊர்? கல்யாணம் ஆயிற்றா? எத்தனை பிள்ளைகள்?" ரயிலில் எதிர் சீட்டுப் பாட்டி கேட்கிற அதே வரிசையில் கேள்விகள் வரும். எல்லாம் கேட்டு முடித்த பிறகுதான் "எங்கள் ஊருக்கு நடந்து வருகிறாயா?" என்பார்கள்.

இது வியட்நாமின் வடமேற்கு மூலை. சீன எல்லையை ஒட்டிய லாவ் காய் மாகாணம். சாப்பா நகரம் சுமார் 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. வெள்ளைக்காரன் ஊட்டியைக் கட்டிக்கொண்டதுபோல, பிரெஞ்சுக்காரர்கள் வெயிலுக்குப் பயந்து கட்டிக்கொண்ட ஊர். 1979-இல் சீனாவோடு நடந்த போரில் பெரிதும் அழிந்தது. 1990-களில் வெளிநாட்டுக்காரர்களுக்குத் திறந்துவிட்டார்கள். இப்போது பார்த்தால் எங்கும் ஹோட்டல், எங்கும் கட்டட வேலை. 3,143 மீட்டர் உயர ஃபான்சிபான் சிகரத்துக்கு 2016-இல் கேபிள் கார் போட்டுவிட்டார்கள். நம் தொட்டபெட்டாவைவிட 500 மீட்டர் கூடுதல் உயரம். செருப்புக் காலோடு ஏறிவிடலாம். நகரத்தில் ஓர் இரவுக்கு மேல் தங்க எனக்குக் காரணம் தெரியவில்லை. பார்க்க வேண்டியதெல்லாம் கீழே, முவோங் ஹோவா பள்ளத்தாக்கிலும் அதற்கு அப்பாலும் உள்ள ஊர்களில் இருக்கிறது.

நான் இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை ஹனோயில் ஒரு ஏஜென்சியில் பணம் கட்டினேன். நகரத்துப் பையன் ஒருவன் கொடி பிடித்துக்கொண்டு முன்னால் போக, பின்னால் 22 பேர். "பழங்குடி வீட்டில் தங்கல்" என்று தாளில் போட்டிருந்தது. போய்ப் பார்த்தால் 40 மெத்தை போட்ட கொட்டகை, ராத்திரி பதினொன்று வரை கரோக்கி. வீட்டுக்காரர் யார் என்றே கடைசி வரை தெரியவில்லை. இரண்டாம் முறை மோங் என்ற மலை இனத்துப் பெண் ஒருவரை நேராகப் பிடித்து, நான்கு நாள் அவரோடு நடந்தேன். பாதை பாதிக்கு மேல் அதேதான். ஆனால் இந்த முறை ஒவ்வொரு ஊரிலும் யாராவது அவரைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார்கள். ஆகவே கீழே சொல்வதில் எதை மறந்தாலும், வழிகாட்டியைப் பற்றிய பகுதியை மட்டும் மறக்காதீர்கள்.

1. யார் யார் என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள்

வியட்நாம் அரசு 54 இனங்களை அங்கீகரித்திருக்கிறது. நாட்டின் பெரும்பான்மை கின் மக்கள். சாப்பாவைச் சுற்றிய ஊர்களில் அதிகம் இருப்பது கறுப்பு மோங், அடுத்து சிவப்பு ஸாவ், பிறகு தை, ஸாய், கொஞ்சம் ஸா ஃபோ. மேட்டில் இருப்பவர்கள் பெரும்பாலும் மோங்கும் ஸாவும். இவர்கள் இருவரின் மொழிகளும் ஒரே குடும்பம். தையும் ஸாயும் பள்ளத்தில், ஆற்றோரம். அவர்கள் பேச்சு தாய்லாந்து மொழிக்கு உறவு. ஒரு மலைச்சரிவில் மேலிருந்து கீழே நடந்தால் ஒரே நாளில் மூன்று மொழி மாறிவிடும்.

உடையை வைத்து அடையாளம் காணலாம். அவுரிச் சாயத்தில் கறுப்பாகத் தெரியும் அளவுக்கு முக்கியெடுத்த துணி என்றால் கறுப்பு மோங். தலையில் பெரிய சிவப்புத் துணி, மழித்த புருவம், மழித்த முன்நெற்றி என்றால் சிவப்பு ஸாவ். பழைய பயணப் புத்தகங்களில் மோங் மக்களை "மியோ" என்று எழுதியிருப்பார்கள். அதை அங்கே வாயில் எடுக்காதீர்கள். அவர்களுக்கு அது வசவு.

நமக்குச் சட்டென்று பிடிபடும் ஒரு விஷயம் உண்டு. மோங் மக்களிடம் வாங், யாங், லீ, தாவ் என்று குலப்பெயர்கள் இருக்கின்றன. ஒரே குலத்தில் பெண் எடுக்க மாட்டார்கள். எவ்வளவு தூரத்து ஊரானாலும் பங்காளி முறைதான். என் வழிகாட்டி ஒவ்வொரு புது ஊரிலும் முதலில் குலத்தைக் கேட்டார். "நாங்களும் இப்படித்தான்" என்று சொன்னதும், இந்தியர்கள் எல்லோருக்கும் ஒரே குலமா என்று கேட்டார். அதற்குப் பதில் சொல்லி முடிக்க ஒரு மலை ஏறி இறங்க வேண்டியிருந்தது.

2. மாதத்தைத் தேர்ந்தெடுப்பது

குளிர் அதிகம் என்பதால் சாப்பாவின் படிக்கட்டு வயல்களில் வருஷத்துக்கு ஒரே போகம். அதனால் வயலின் நிறம்தான் நாட்காட்டி.

மே, ஜூனில் வயலில் தண்ணீர் கட்டி, தொழி அடித்து, நாற்று நடுவார்கள். மலை முழுக்கக் கண்ணாடித் துண்டு பதித்த மாதிரி இருக்கும். ஆகஸ்ட் கடைசியிலிருந்து செப்டம்பர் நடு வரை மஞ்சள். புகைப்படக்காரர்கள் குவிவது அப்போதுதான், அறை விலையும் அப்போதுதான் ஏறும். ஆனால் அதே செப்டம்பரில் புயலும் வரும். 2024 செப்டம்பரில் யாகி புயலின்போது லாவ் காய் மாகாணத்தில் லாங் நூ என்ற ஒரு சிற்றூரையே வெள்ளமும் மண்ணும் சேர்ந்து அடித்துக்கொண்டு போனது. ஜூலை, ஆகஸ்டில் மண்சரிவு சாதாரணம். புயல் எச்சரிக்கை வந்தால் வழிகாட்டி "வேண்டாம்" என்பார். பணத்தை நினைத்துக்கொண்டு அவரோடு வாதாடாதீர்கள்.

என்னைக் கேட்டால் அக்டோபர், நவம்பர். வயலில் அரிதாள் மட்டும்தான் இருக்கும், படத்துக்கு அழகில்லை. ஆனால் பாதை காய்ந்திருக்கும், வானம் தெளிவாக இருக்கும், அறுவடை முடிந்து வீட்டுக்காரர்கள் உட்கார்ந்து பேசுவார்கள். மார்ச், ஏப்ரலும் பரவாயில்லை. டிசம்பர், ஜனவரியில் குளிர் பூஜ்யத்தை ஒட்டிப் போகும், சில வருஷம் பனியே விழும். பலகைச் சுவர் இடுக்கு வழியாகக் காற்று வரும் வீட்டில் அந்தக் குளிரைத் தாங்குவது கஷ்டம். டெட் எனும் சந்திரப் புத்தாண்டு வாரத்தைத் தவிர்த்துவிடுங்கள். கடைகள் மூடியிருக்கும், டிக்கெட் கிடைக்காது, வழிகாட்டியும் பிள்ளைகளோடு வீட்டில் இருக்க ஆசைப்படுவார்.

3. வழிகாட்டியைப் பிடிப்பது

மூன்று வழி இருக்கிறது. ஹனோய் ஏஜென்சி, சாப்பா நகரத்தில் உள்ள சிறு நிறுவனங்கள், அப்புறம் நேரடியாக ஒரு ஊர்க்காரர். முதல் வழி சுலபம். ஆனால் நீங்கள் கொடுக்கும் பணம் இரண்டு மூன்று கை மாறி, கடைசியில் உங்களுக்குச் சோறு போடும் வீட்டுக்குப் போய்ச் சேரும்போது ரொம்பவே இளைத்திருக்கும். இரண்டாவதில் மோங் மக்களே நடத்தும் சில அமைப்புகள் உண்டு. அவற்றைத் தேடிப் பிடிப்பது நல்லது. மூன்றாவதற்கு வாட்ஸ்ஆப் போதும். முன்பு போய்வந்தவர்களிடம் பெயர் வாங்கிக்கொள்ளுங்கள்.

வழிகாட்டிகளில் பெரும்பாலானோர் பெண்கள். பலர் சிறுவயதில் தெருவில் கைவினைப் பொருள் விற்றபோதே, வெளிநாட்டுக்காரர்களிடம் பேசிப் பேசி ஆங்கிலம் பழகியவர்கள். சரளமாகப் பேசுவார், ஆனால் நீங்கள் நீளமாக எழுதி அனுப்பும் செய்தியைப் படிக்கச் சிரமப்படலாம். குரல் செய்தி அனுப்புங்கள், வேலை சட்டென்று முடியும்.

பணம் பேசும் முன் நான் கேட்கிற கேள்விகள் இவை. உங்கள் ஊர் எது, அந்த ஊர் வழியாகப் போகிறோமா? ஒரு குழுவில் எத்தனை பேர்? (ஆறுக்கு மேல் என்றால் நான் விலகிவிடுவேன்.) தங்கும் வீடுகள் யாருடையவை, அந்தக் குடும்பம் அங்கேயே இருக்கிறதா? வீட்டுக்குத் தனியாக எவ்வளவு கொடுக்கிறீர்கள்? பிரபலமான பாதையைத் தவிர மேல்பாதை ஏதாவது உண்டா? கடைசிக் கேள்விக்கு "மழை பெய்தால் கஷ்டம், பெய்யாவிட்டால் போகலாம்" என்று பதில் வந்தால், அந்த ஆள் உண்மையிலேயே நடக்கிறவர். எல்லாவற்றுக்கும் "யெஸ், யெஸ்" என்று மட்டும் வந்தால் கொஞ்சம் யோசியுங்கள்.

நடை, சாப்பாடு, தங்கல் எல்லாம் சேர்த்து ஆளுக்கு ஒரு நாளைக்குச் சுமார் 30 முதல் 45 டாலர் வரை கேட்பது வழக்கம். இரண்டு பேராகப் போனால் மேல்பக்கம், நான்கு பேர் என்றால் குறையும். ரொம்ப மலிவாக ஒருவர் சொன்னால், அந்த வித்தியாசத்தை வேறு யாரோ சுமக்கிறார் என்று அர்த்தம்.

ஒன்று மட்டும் முன்னதாகவே தெளிவாக்கிக்கொள்ளுங்கள். நகரத்திலிருந்து கிளம்பும்போது இரண்டு மூன்று பெண்கள் உங்களோடு சேர்ந்தே நடப்பார்கள். வழுக்கும் இடத்தில் கை கொடுப்பார்கள், பெரணி இலையில் குதிரை முடைந்து தருவார்கள். மதியம் லாவ் சாய் என்ற ஊர் வந்ததும் கூடையைத் திறந்து "இப்போது என்னிடம் வாங்கு" என்பார்கள். அதில் ஏமாற்று எதுவும் இல்லை, அவர்கள் பிழைப்பு அது. வாங்க விருப்பம் இல்லையென்றால் முதல் கிலோமீட்டரிலேயே, சிரித்துக்கொண்டே, வாங்க மாட்டேன் என்று சொல்லிவிடுங்கள். பாதி நாள் கை பிடித்து நடந்துவிட்டு அப்புறம் முகத்தைத் திருப்பிக்கொள்வதுதான் அசிங்கம்.

4. விசா, போக்குவரத்து

இந்தியர்களுக்கு இ-விசா உண்டு. ஒருமுறை நுழைய 25 டாலர், பலமுறை என்றால் 50. 2023 ஆகஸ்டிலிருந்து 90 நாள் வரை தருகிறார்கள். அரசு இணையதளத்தைப் போலவே தோற்றமளிக்கும் தனியார் தளங்கள் இரட்டிப்புப் பணம் வாங்குகின்றன, கவனம். பாஸ்போர்ட்டில் உள்ளபடியே பெயரைப் போடுங்கள். நம் இனிஷியல் குழப்பத்தால் விமான நிலையத்தில் நிற்பவர்கள் உண்டு.

திருச்சியிலிருந்து ஹோ சி மின் நகருக்கு 2023 இறுதியில் நேரடி விமானம் தொடங்கியது. ஆனால் சாப்பா வடக்கே இருக்கிறது. ஹனோய்க்குத்தான் போக வேண்டும். ஹனோயிலிருந்து பஸ் என்றால் ஐந்தரை, ஆறு மணி நேரம். படுக்கை பஸ்ஸில் ஏறும்போதே ஒரு பிளாஸ்டிக் பை தருவார்கள், செருப்பைக் கழற்றி அதில் போட்டுக்கொள்ள வேண்டும். ஆறடி ஆள் என்றால் காலை மடக்கித்தான் படுக்க முடியும். ரயில் இரவு முழுக்க ஓடி விடியற்காலையில் லாவ் காய் சேரும். அங்கிருந்து மலைப்பாதையில் இன்னும் ஒரு மணி நேரம் வேன். ரயில்தான் எனக்குப் பிடிக்கும், ஆனால் நேரம் குறைவு என்றால் பகல் பஸ்.

கிளம்பும் நாளை ஞாயிற்றுக்கிழமையிலிருந்து பின்னோக்கி எண்ணுங்கள். நான்காம் நாள் ஞாயிறாக இருந்தால் பாக் ஹா வாரச்சந்தையைப் பிடிக்கலாம். அதாவது புதன் மாலை சாப்பா சேர்ந்து, வியாழன் காலை நடை தொடங்க வேண்டும்.

5. பையில் என்ன

பெரிய பெட்டியை ஹனோய் ஹோட்டலிலேயே விட்டுவிடுங்கள். முதுகில் ஏழு கிலோவுக்கு மேல் வேண்டாம். மழைக்கோட்டு, சீக்கிரம் காயும் துணி, ஒரு கம்பளிச் சட்டை, நீளமான சாக்ஸ், தலையில் மாட்டும் டார்ச், ஓ.ஆர்.எஸ். பாக்கெட், வழக்கமான மாத்திரைகள். பாஸ்போர்ட் கையில் இருக்க வேண்டும், தங்கும் வீட்டுக்காரர் உங்கள் விவரத்தைப் பதிவு செய்தாக வேண்டும். ஊர்களில் ஏ.டி.எம். கிடையாது. சாப்பாவிலேயே டாங் எடுத்து, சில்லறையாக மாற்றிக்கொள்ளுங்கள். நம் ஒரு ரூபாய்க்குச் சுமார் 300 டாங் என்று கணக்கு வைத்துக்கொள்ளலாம். முதல் நாள் எல்லோரும் லட்சாதிபதி.

விலை உயர்ந்த ஹைக்கிங் ஷூவை நம்பிப் போய் நான் வரப்பில் இரண்டு முறை உட்கார்ந்தேன். என் வழிகாட்டி நடந்தது பிளாஸ்டிக் செருப்பில். மழை பெய்திருந்தால் சாப்பாவில் வாடகைக்குக் கிடைக்கும் ரப்பர் கம்பூட்ஸ்தான் சரி. பெரிய பாதம் உள்ளவர்களுக்கு அளவு கிடைப்பது கஷ்டம்.

பருப்புப்பொடி ஒரு டப்பா எடுத்துக்கொள்ளுங்கள். காரணம் அடுத்த பகுதியில்.

6. சாப்பாடு, குறிப்பாகச் சைவர்களுக்கு

மாலையில் ஒரு பெரிய தட்டைச் சுற்றி எல்லோரும் உட்காருவார்கள். சோறு, தக்காளி போட்ட டோஃபு, பன்றி அல்லது கோழி, கீரை, வறுத்த ஸ்பிரிங் ரோல். கீரை என்று வருவதில் ஒன்று நமக்குத் தெரிந்த கொடியின் தளிர். சாப்பா முழுக்கப் பந்தல் போட்டு வளர்க்கிறார்கள். பூண்டு தட்டிப்போட்டு வதக்கித் தருவார்கள். பெயர் கேட்டால் "சூ சூ" என்பார்கள். நம் சௌசௌதான்! காயை மட்டும் கூட்டு வைக்கிற நாம், தளிரை ஏன் வீணாக்குகிறோம் என்று யோசித்துக்கொண்டே சாப்பிட்டேன்.

"ஆன் சாய்" என்றால் சைவச் சாப்பாடு. பௌத்த வழக்கமுள்ள வியட்நாமியர் பலர் சந்திர மாதத்தின் முதல் நாளும் பதினைந்தாம் நாளும் அப்படிச் சாப்பிடுகிறார்கள். நம் அமாவாசை, பௌர்ணமி விரதம் மாதிரி. ஆனால் மோங், ஸாவ் வீடுகளில் அந்த வழக்கம் இல்லை. "இறைச்சி வேண்டாம்" என்று மட்டும் சொன்னால், பன்றிக் கொழுப்பில் வதக்கிய கீரையும் மீன் சாறு ஊற்றிய டோஃபுவும் நல்லெண்ணத்தோடு வரும். எண்ணெய், மீன் சாறு, முட்டை, மூன்றையும் தனித்தனியாகச் சொல்லுங்கள். சொல்ல வேண்டிய நேரம் முந்தின நாள் ராத்திரி. வழிகாட்டி காலையில் சாப்பா மார்க்கெட்டில் சாமான் வாங்கிக்கொண்டுதான் கிளம்புவார், சமையலிலும் பெரும்பாலும் அவர் கை இருக்கும்.

சுடுசோற்றில் பருப்புப்பொடி போட்டு, கொஞ்சம் எண்ணெய் விட்டுப் பிசைந்து நான் சாப்பிட்டதை வீட்டுப் பாட்டி ரொம்ப நேரம் பார்த்தார். ஒரு உருண்டை கேட்டு வாங்கி மென்றார். காரம் போதாது என்று எழுந்து போய் மிளகாய் எடுத்து வந்தார்.

அப்புறம் மக்காச்சோளச் சாராயம். சின்னச் சின்னக் கிண்ணத்தில் ஊற்றி, "மோத், ஹாய், பா, ஸோ!" என்று சத்தம் போட்டுக் குடிப்பார்கள். குடிக்காதவர் முதல் சுற்றிலேயே மறுத்துவிட வேண்டும். ஒரு கிண்ணம் எடுத்துவிட்டால் அடுத்ததை மறுக்க விடமாட்டார்கள்.

7. நாள்தோறும்

முதல் நாள்: சாப்பாவிலிருந்து ஈ லிங் ஹோ, லாவ் சாய் வழியாகத் தா வான். சுமார் 12 கி.மீ., ஐந்தாறு மணி நேரம். நுழைவுச் சீட்டு ஒன்று வாங்க வேண்டியிருக்கும். கடைசி வரை பத்திரமாக வைத்திருங்கள். எல்லோரும் போகிற பாதை கீழே தார்ச்சாலையை ஒட்டி இருக்கும். மேல்பாதையைக் கேளுங்கள். ஏற்றம் கூடுதல், ஆனால் எருமைகளும் பள்ளிக்கூடம் விட்டு வரும் பிள்ளைகளும்தான் எதிரே வருவார்கள்.

வழியில் ஓடைக்கரையில் "டொக்" என்று ஒரு சத்தம் கேட்டால் நில்லுங்கள். நீளமான ஒரு மரக்கட்டை. ஒரு முனையில் குடைந்த தொட்டி, மறுமுனையில் உலக்கை. மூங்கில் குழாயில் வரும் தண்ணீர் தொட்டியில் சேரும். நிறைந்ததும் அந்தப் பக்கம் தாழ்ந்து தண்ணீர் முழுக்கக் கொட்டும். கனம் போனதும் தொட்டி மேலே எழும்ப, உலக்கை உரலில் விழும். டொக். மறுபடி தண்ணீர் நிறையக் காத்திருக்கும். ஆளே இல்லாமல் ராத்திரி முழுக்க நெல் குத்திக்கொண்டிருக்கும். கரண்ட் மில் வந்த பிறகு பல இடங்களில் படம் எடுப்பதற்காகவே விட்டு வைத்திருக்கிறார்கள். உரலுக்குள் எட்டிப் பாருங்கள், நெல் கிடந்தால் உண்மையாகவே வேலை செய்கிறது.

தா வான் ஸாய் மக்களின் ஊர். இப்போது கஃபேக்களும் ஹோம்ஸ்டேக்களும் நெருக்கமாகிவிட்டன. கால் தாங்கினால் இன்னும் ஒரு மணி நேரம் நடந்து யாங் தா சாய் பக்கம் தங்குங்கள். ராத்திரி ஓடைச் சத்தம் மட்டும்தான்.

இரண்டாம் நாள்: மூங்கில் காடு, அருவி, சூ பான், அங்கிருந்து இறக்கம். முடிவது பான் ஹோ என்ற தை ஊரில். முழங்காலுக்குத்தான் இன்று சோதனை, கைத்தடி ஒன்று வெட்டித் தரச் சொல்லுங்கள். இறங்க இறங்க வெயில் ஏறும், காலையில் போட்ட கம்பளிச் சட்டை மதியம் இடுப்பில் இருக்கும். இந்தப் பக்கம் நீர்மின் திட்டங்களுக்காக மலையைக் குடைந்திருக்கிறார்கள். லாரித் தூசியும் சில இடங்களில் வற்றிய ஓடையும் கண்ணில் படும். பழைய வலைப்பதிவுகளில் உள்ள படத்தை நினைத்துக்கொண்டு போகாதீர்கள். ஆனால் பான் ஹோவில் தை மக்களின் கால் ஊன்றிய மர வீட்டில், வழுவழுப்பான பலகைத் தரையில் மெத்தை போட்டுத் தூங்குவது சுகம். செருப்பு ஏணியடியிலேயே.

மூன்றாம் நாள்: காலையில் வண்டி வைத்து மேலே சாப்பாவுக்கு வந்து, மா த்ரா வழியாகத் தா ஃபின் வரை நடை. மூன்று மணி நேரத்துக்குள் முடிந்துவிடும், அவசரமில்லை. வழியில் பிரெஞ்சுக் காலத்து மடம் ஒன்று கூரை இல்லாமல் கல்சுவராக நிற்கிறது. தா ஃபினில் சிவப்பு ஸாவ் வீடு. அடுப்புக்கு மேல் பரண் கட்டி, பெரிய ஏலக்காயைப் புகையில் காயவைத்திருப்பார்கள். காட்டு நிழலில் விளையும் இதுதான் இந்த மலைக்காரர்கள் பலருக்குக் கையில் காசு தரும் பயிர். ஒன்றை உடைத்து முகர்ந்தால் பிரியாணி ஞாபகம் வரும்.

இங்கே மூலிகைக் குளியல் உண்டு. காட்டிலிருந்து கொண்டுவந்த இலை, வேர், தண்டு எல்லாவற்றையும் மணிக்கணக்கில் கொதிக்கவைத்து, கருப்பட்டிக் காப்பி நிறத்தில் மரத்தொட்டியில் ஊற்றித் தருவார்கள். மூன்று நாள் நடந்த காலுக்கு அது தேவாமிர்தம். ஆனால் 20 நிமிடத்துக்கு மேல் உட்காராதீர்கள், தலை சுற்றும். வெறும் வயிற்றிலும் சாராயத்துக்குப் பிறகும் கூடாது. ரத்த அழுத்தம் உள்ளவர்களும் கர்ப்பிணிகளும் தவிர்ப்பது நல்லது.

நான்காம் நாள், ஞாயிறு: விடிவதற்கு முன் கிளம்பினால் மூன்று மணி நேரத்தில் பாக் ஹா. பூப்போட்ட பாவாடைக் கூட்டமாகப் பூ மோங் பிரிவுப் பெண்கள், எருமைச் சந்தை, பிளாஸ்டிக் கேனில் சோளச் சாராயம், பெரிய அண்டாவில் கொதிக்கும் "தாங் கோ". அது குதிரை இறைச்சிக் குழம்பு, தெரியாமல் கை வைக்காதீர்கள். மதியத்துக்கு மேல் சந்தை வடிந்துவிடும். இங்கிருந்து லாவ் காய் இறங்கி, மாலை பஸ்ஸோ இரவு ரயிலோ பிடித்து ஹனோய்.

8. வீட்டுக்குள் நடந்துகொள்வது

வாசலில் பச்சை இலைக் கொத்து தொங்கினால் அந்த வீட்டுக்குள் போகக் கூடாது. பிரசவம், நோய், சடங்கு ஏதோ ஒன்று. வெளியாள் வரக் கூடாது என்று பொருள். அம்மை போட்ட வீட்டு வாசலில் வேப்பிலை செருகுவதைப் பார்த்து வளர்ந்த நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மோங் வீட்டில் கதவுக்கு நேர் எதிர்ச் சுவரில் காகிதமும் கோழி இறகும் ஒட்டியிருக்கும். அது அவர்கள் பூஜை இடம். அங்கே பையைச் சாய்க்காதீர்கள், படம் எடுக்கும் முன் கேளுங்கள். எல்லா வீட்டிலும் இது இருக்காது. கிறிஸ்தவர்களான மோங் குடும்பங்களும் நிறைய உண்டு.

பிள்ளைகளிடம் எதுவும் வாங்க வேண்டாம். தங்கச்சியை முதுகில் கட்டிக்கொண்டு எட்டு வயதுப் பெண் கையில் கட்டும் கயிறு விற்கும்போது மனசு கேட்காதுதான். ஆனால் அந்தக் கயிறு விற்கும் வரை அவள் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பப்பட மாட்டாள். நகராட்சியே வாங்காதீர்கள் என்று பலகை வைத்திருக்கிறது. மிட்டாயும் வேண்டாம். அதே பொருளை அம்மாவிடம் வாங்குங்கள்.

பெண்ணைத் தூக்கிப்போய்க் கல்யாணம் செய்யும் வழக்கத்தைப் பற்றிச் சில வழிகாட்டிகள் வேடிக்கைக் கதையாகச் சொல்வார்கள். சிரித்துவைக்காதீர்கள், துருவிக் கேட்கவும் வேண்டாம். எதிரே சாதம் போடுகிற பெண்ணுக்கு அது கதையாக இல்லாமல் இருக்கலாம்.

"ஓ சாவ்" என்றால் மோங் மொழியில் நன்றி. இந்த ஒரு சொல்லுக்கு அடுப்பங்கரையே திரும்பிப் பார்க்கும்.

9. துணி வாங்கினால்

சந்தையில் தொங்கும் பளபளப்பான பாவாடைகளில் பெரும்பாலானவை இயந்திரத்தில் அச்சான பாலியஸ்டர். கைவேலையா என்று பார்க்கத் துணியைத் திருப்புங்கள். முடிச்சும் நூல் தாவலும் பின்னால் ஒழுங்கில்லாமல் தெரிந்தால் ஊசி பிடித்தவர் ஒரு ஆள். ஸாவ் பெண்கள் துணியின் பின்பக்கத்திலிருந்தே தைக்கிறார்கள். கோடு எதுவும் போட்டுக்கொள்வதில்லை, முன்பக்கத்தில் கோலம் தானாக விழுகிறது. மோங் பழைய துணி என்றால் சணல்வகை நாரில் நெய்தது. தேன்மெழுகால் கோடு இழுத்து, அவுரித் தொட்டியில் பலமுறை முக்கி, பிறகு மெழுகை உருக்கி எடுப்பார்கள். எச்சில் தொட்ட கட்டைவிரலால் தேய்த்துப் பாருங்கள். நீலம் ஒட்டினால் அவுரியாக இருக்க வாய்ப்பு அதிகம். விற்கிற பெண்ணின் கையைப் பார்த்தாலும் போதும், நகக்கண் வரை நீலம் ஏறியிருக்கும்.

பேரம் பேசலாம், ஆனால் மூன்று மாதம் தைத்த சட்டைக்கு டி-ஷர்ட் விலை கேட்காதீர்கள். வழிகாட்டிக்குக் கடைசி நாள் தனியாக, கையில் கொடுங்கள், வீட்டுக்காரருக்கும் அப்படியே.

வாங்கிய அவுரித் துணியைத் திரும்பும்போது தனி பிளாஸ்டிக் பையில் கட்டுங்கள். நான் கட்டவில்லை, ஒரு வெள்ளை வேட்டி போச்சு. வீட்டுக்கு வந்ததும் பச்சைத் தண்ணீரில், கொஞ்சம் வினிகர் விட்டு, தனியாக அலசுங்கள். முதல் நாலைந்து அலசலுக்கு வாளி நீலமாகத்தான் போகும், பயப்பட வேண்டாம். நிழலில் காயப்போடுங்கள். வாஷிங் மெஷினில் போட்டால் நான் பொறுப்பில்லை.